வழக்குக்கு வந்த பதவியுயர்வு

கல்லடிப் பாலத்தில் காற்று வாங்க வரும் ஓய்வுபெற்ற எழுதுவினைஞர் ஒருவரின் கக்கத்தில் எப்போதும் ஒரு ஃபைல். காற்றில் பறக்காதிருக்க ரப்பர் வளையம் மூன்று போட்டிருப்பார். "தடைதாண்டல் பரீட்சை எல்லாம் தாண்டிட்டன் மனே. முதலாம் வகுப்பு மட்டும் வரல்ல. வாவியில மீனும் பாடுது, இந்த ஃபைல்தான் வாய் திறக்குதில்ல."

ஆறுதலுக்குக் கோடீஸ்வரன் கதையைச் சொன்னேன். பெயரில்தான் கோடி, கேட்டது ஒரேயொரு சம்பள ஏற்றம். கேகாலைக் கச்சேரியில் எழுதுவினைஞர். சிங்களப் பரீட்சை தேறவில்லையென்று 1962இல் ஏற்றத்தை நிறுத்தினார்கள். 1964இல் மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. 1967இல் உயர் நீதிமன்றம், அரச ஊழியர் சம்பளம் கேட்டு வழக்கே போட முடியாது என்றது. 1969இல் லண்டன் கோமறைக் கழகம் "போடலாம்" என்று சொல்லி, அரச கரும மொழிச் சட்டம் செல்லுமா என்ற முள்ளை மட்டும் கொழும்புக்கே திருப்பியனுப்பியது. அந்த முள் எடுபடுவதற்குள் 1972இல் அரசியலமைப்பே மாறிவிட்டது. ஆள் நின்ற படியில் நிற்க, வழக்குக்குத்தான் படிப்படியாகப் பதவியுயர்வு. அதுவும் சிங்களப் பரீட்சை எழுதாமலே!

கேட்டவர் ரப்பர் வளையத்தை ஒருமுறை சுண்டினார்.

"லண்டன் வரைக்குமா? தபால் செலவு ஆரு குடுத்த?"