பூட்டு உங்களது, சாவி எங்களது

(வீடியோ கேம் கம்பெனி அதிகாரி ஒருவரும், கேம்களின் காப்பித் தடுப்புப் பூட்டை உடைத்து (அதாவது கிராக் செய்து) ஓசியில் விடும் கோஷ்டியைச் சேர்ந்த ஒருவரும் எதிரெதிரே உட்கார்ந்து பேசுவது என் கற்பனை. பேச்சில் பெயரோடு வரும் சம்பவங்கள் நடந்தவை.)

கோஷ்டியாள்: சார், 'தி க்ரூ'ன்னு ஒரு கார் கேம். 2014-ல வந்துச்சு. காசு கொடுத்து வாங்கினவன் 2024 மார்ச் 31-க்கு அப்புறம் அதை ஆட முடியல. தனியாளா ஓட்டினாலும் அதை வெளியிட்ட யூபிசாஃப்ட் கம்பெனியோட சர்வர் வேணும், சர்வரை அணைச்சாச்சு.

அதிகாரி: வாங்கினான்னு யார் சொன்னது? ஆடிக்க அனுமதி கொடுத்தோம், திரும்ப எடுத்துக்கிட்டோம். ஒப்பந்தத்தைப் படிக்காமலே 'சம்மதம்' அழுத்தினா நாங்களா பொறுப்பு?

(அதை எழுதிய வக்கீல் முழுசாகப் படித்திருப்பாரா என்பதே சந்தேகம்.)

கோஷ்டியாள்: பட்டன்ல 'வாங்கு'ன்னுதானே போட்டிருந்துச்சு?

அதிகாரி: அதுக்குத்தான் கலிஃபோர்னியாவுல 2024-ல சட்டமே போட்டுட்டாங்களே தம்பி. கிடைக்கிறது வெறும் லைசென்ஸ்தான்னு தெளிவாச் சொல்லிட்டா 'வாங்கு'ன்னு தாராளமாப் போட்டுக்கலாம். இனி எல்லாம் நேர்மையா நடக்கும்.

கோஷ்டியாள்: பூட்டையாவது ஒழுங்காப் போடுறீங்களா? 2021-ல 'ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ்' கம்ப்யூட்டர்ல வந்தப்ப, காசு கொடுத்தவனுக்குச் சண்டைக்கு நடுவுல பூட்டால திக்கித் திணறுச்சு. கிராக் வெர்ஷன் ஆடினவனுக்குத் தங்குதடையில்லாம ஓடுச்சு. அப்புறம் அதை வெளியிட்ட காப்காம் கம்பெனியே பேட்ச் விட்டுச் சரி பண்ண வேண்டியதாப் போச்சு.

அதிகாரி: ரொம்பத் துள்ளாத. 2013-ல ஆஸ்திரேலியாவுல ஒரு குட்டிக் கம்பெனி, தன்னோட 'கேம் டெவ் டைகூன்'ல ஒரு திருட்டுக் காப்பியைத் தானே தயார் பண்ணி இணையத்துல விட்டுச்சு. அந்தக் காப்பியில, ஆடுறவன் கேமுக்குள்ள நடத்துற கேம் கம்பெனி திருட்டுக் காப்பியாலேயே திவாலாகும். ஓசியில ஆடினவன் வந்து என்ன கேட்டான் தெரியுமா? இந்தத் திருட்டைத் தடுக்க ஏதாவது வழி இருக்கான்னு!

கோஷ்டியாள்: (சிரிப்பை அடக்கிக்கொண்டு) பிடிச்சிருந்தா காசு கொடுத்து வாங்குங்கன்னு நாங்களும் குறிப்பு எழுதித்தான் சார் விடுறோம்.

அதிகாரி: உண்டியலை உடைச்சிட்டு, காணிக்கை போடுங்கன்னு போர்டு வைக்கிற மாதிரி. அது சரி, 'தி க்ரூ' செத்தப்ப நீ எங்க போன? ரசிகர்கள்தானே ராப்பகலா உட்கார்ந்து தனி சர்வர் செஞ்சாங்க?

கோஷ்டியாள்: பத்து வருஷத்துப் பழசு சார். அதை உடைச்சேன்னு எவன்கிட்டப் பெருமையடிக்க? புது கேம்னா, போட்டிக் கோஷ்டியை ஒரு மணி நேரம் முந்தினாலும் பேரு.

அதிகாரி: ஆக, வாங்கினவனைப் பத்தி உனக்கும் கவலை இல்ல.

கோஷ்டியாள்: அவன் காசு கொடுத்தது உங்ககிட்ட. நான் எதுக்குக் கவலைப்படணும்? இன்னும் சொல்லப்போனா, எங்க வேலையை வித்துக் காசு பார்த்ததும் நீங்கதான். 2008-ல 'ரெயின்போ சிக்ஸ் வேகாஸ் 2' டவுன்லோடா வாங்கினவன்கிட்டப் போய் டிஸ்க் கேட்டுச்சு. அதைச் சரி பண்ண யூபிசாஃப்ட் கொடுத்த ஃபைலைத் திறந்தா, உள்ளே 'ரீலோடட்' கோஷ்டியோட கிராக்! 2010-ல ராக்ஸ்டார் கம்பெனி ஸ்டீம்ங்கிற ஆன்லைன் கடையில வித்த 'மேக்ஸ் பெய்ன் 2' ஃபைல்ல 'மித்' கோஷ்டி பேரே கிடந்துச்சு.

அதிகாரி: (கதவைப் பார்த்துவிட்டு, மெதுவாக) தம்பி, எங்க பழைய கேம் ஒண்ணை மறுபடி விற்பனைக்கு விடப் போறோம். பூட்டுப் போட்ட ஆள் வேலையை விட்டுப் போய் ரொம்ப நாளாச்சு. உன்கிட்ட ஒரு காப்பி இருக்கும்ல?

கோஷ்டியாள்: பத்திரமா இருக்கு சார்.

அதிகாரி: உங்க கோஷ்டி பேரை மட்டும் அழிச்சிட்டுக் கொடுத்துடு.

கோஷ்டியாள்: பேரை அழிச்சிட்டா, நான் எதுக்கு சார் உடைக்கணும்?