நம்பர் சொன்னால்தான் லைசென்ஸ்

கவுன்ட்டரில் ஒரு ரூபாய் குறைந்தாலும் ராத்திரி தூக்கம் வராத கேஷியர் ஒருவர் தாம்பரம் பக்கம் குடியிருக்கிறார். அவர்தான் தன் டிரைவிங் லைசென்ஸைத் தொலைத்தார். செய்தி வெளியான மறுநிமிடமே வீட்டில் விசாரணைக் கமிஷன் உட்கார்ந்துவிட்டது.

"அந்த நீலச் சட்டையைத் துவைக்கப் போட்டது யாரு?" என்று கேஷியர் ஆரம்பித்தார்.

"பையைப் பார்த்துட்டுப் போடுங்கன்னு தலைதலையா அடிச்சுக்கிட்டேனே, அப்ப எங்க போயிருந்தீங்க?" என்று சமையல்கட்டிலிருந்து குறுக்கு விசாரணை வந்தது.

ஸ்கூட்டர் சீட்டைத் தூக்கினால் காலாவதியான இன்சூரன்ஸ், துருப்பிடித்த ஸ்பேனர், எந்தப் பூட்டுக்கும் சேராத ஒற்றைச் சாவி. இஸ்திரி வண்டிக்காரர் தன் நேர்மையைச் சந்தேகிக்கிறார்கள் என்று நினைத்து இரண்டு நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை. பீரோவைக் கவிழ்த்ததில் எப்போதோ தொலைந்ததாக முடிவுகட்டிப் புதிதாக வாங்கிய ரேஷன் கார்டின் பழைய பிரதி கிடைத்தது. லைசென்ஸ் கிடைக்கவில்லை.

அடுத்தது மேல்முறையீடு. கேஷியரின் மாமியார் அரைக்காசு அம்மனுக்கு வெல்லம் வைப்பதாக வேண்டிக்கொண்டார். புதுக்கோட்டையை அடுத்த திருக்கோகர்ணத்துப் பிரகதாம்பாள்தான் இந்த அம்மன். தொண்டைமான் மன்னர்கள் வெளியிட்ட சின்னக் காசில் அவள் உருவம் இருந்ததால் அந்தப் பெயர். தொலைந்த பொருளை மீட்டுத் தருவதில் கெட்டிக்காரி. வண்டலூர் பக்கம் இரத்தினமங்கலத்திலும் அவளுக்குக் கோயில் இருப்பதால் தாம்பரத்துக்காரர்கள் புதுக்கோட்டை வரை போகவேண்டியதில்லை. அடுத்த வீட்டு டீச்சர், இதே இலாகாவைக் கவனிக்கும் புனித அந்தோணியாருக்குத் தன் பங்குக்கு ஒரு மெழுகுவத்தி ஏற்றினார். மோதிரம், கொலுசு, வீட்டுச் சாவி என்றால் இரண்டு இடத்திலும் தீர்ப்பு சீக்கிரம் வந்துவிடும். இது போக்குவரத்துத் துறை சம்பந்தப்பட்ட கேஸ் என்பதாலோ என்னவோ, ஃபைல் நகரவில்லை.

முன்பெல்லாம் இந்தக் கட்டத்தில் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போயாக வேண்டும். "எந்த இடத்துல தொலைச்சீங்க?" என்பார் ரைட்டர். எழும்பூரில் டிரெயின் ஏறும்போது இருந்தது, தாம்பரத்தில் இறங்கும்போது இல்லை என்று சொன்னால் வேலை கெட்டது. நடுவில் எத்தனை ஸ்டேஷன் எல்லை வருகிறதோ அத்தனை வாசலும் ஏறி இறங்க வேண்டும். இப்போது தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்திலேயே தொலைந்த ஆவணத்துக்கு அறிக்கை எடுத்துக்கொள்ளலாம். பாஸ்போர்ட், ஆர்சி புக், லைசென்ஸ், படிப்புச் சான்றிதழ், அடையாள அட்டை எல்லாவற்றுக்கும் இந்த வசதி உண்டு. அறிக்கைக்காக யாரும் விசாரிப்பதில்லை. தொலைத்தவர் தொலைந்தது என்கிறார், சரி என்று அச்சாகி வந்துவிடுகிறது. வீட்டு விசாரணையோடு ஒப்பிட்டால் காவல்துறை எவ்வளவோ தேவலை என்று கேஷியருக்குத் தோன்றியது.

ஆனால் அதிலும் ஒரு கட்டத்தில் கேட்டுவிட்டார்கள்: ஆவணத்தின் எண்?

லைசென்ஸ் எண்ணை மனப்பாடம் செய்தவர்கள் யாராவது இருக்கிறார்களா? வங்கிக் கணக்கு எண் சிலருக்குத் தெரியும், ஆதாரின் கடைசி நான்கு இலக்கம் பலருக்குத் தெரியும், முதன்முதலில் வாங்கிய டிவிஎஸ் ஃபிஃப்டியின் நம்பர் எல்லோருக்கும் தெரியும். லைசென்ஸ் எண் எழுதியிருக்கும் ஒரே இடம் லைசென்ஸ். அது தொலைந்தால் எண்ணும் கூடவே போய்விடுகிறது. அதைத் திரும்ப வாங்க அந்த எண் வேண்டும்.

2021 மார்ச்சில் மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் ஆதாரை வைத்து வீட்டிலிருந்தபடியே பெறக்கூடிய 18 சேவைகளை அறிவித்தது. நகல் லைசென்ஸும் அவற்றில் ஒன்று. அதற்கான தளத்துக்குச் 'சாரதி' என்று பெயர். கேஷியர் சம்பளநாள் நிதானத்தோடு கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தார். சாரதியும் எண்ணைத்தான் கேட்டது. அதுவும் தான் விரும்பும் வடிவத்தில். முதலில் மாநிலத்துக்கு இரண்டு எழுத்து, ஆர்டிஓ அலுவலகத்துக்கு இரண்டு இலக்கம், லைசென்ஸ் கொடுத்த ஆண்டுக்கு நான்கு இலக்கம், கடைசியில் வரிசை எண்ணுக்கு ஏழு இலக்கம். நடுவில் விடும் இடத்தையும் சேர்த்தால் சரியாக 16. பழைய எண் வைத்திருப்பவர்கள் தாங்களே மாற்றிக்கொள்ள வேண்டும் என்று கீழே ஓர் உதாரணமும் கொடுத்திருக்கிறார்கள். 'ஆர்ஜே-13/டிஎல்சி/12/123456' என்பதை 'ஆர்ஜே13 20120123456' என்று எழுத வேண்டுமாம். 12 என்பது 2012 ஆகிறது, வரிசை எண்ணுக்கு முன்னால் ஒரு சைபர் முளைக்கிறது, டிஎல்சி எங்கேயோ காணாமல் போகிறது. ஆர்ஜே-13 ராஜஸ்தானின் ஸ்ரீ கங்காநகர். பாகிஸ்தான் எல்லையோரத்து ஊரின் லைசென்ஸை வைத்து, மதுரையில் வாங்கிய தன் லைசென்ஸுக்குக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார் கேஷியர்.

எண் கடைசியில் ஒரு ஜெராக்ஸில் கிடைத்தது. எப்போதோ சிம் கார்டு வாங்குவதற்காக எடுத்து, கொடுக்க மறந்து, எல்ஐசி ரசீதுகளுக்கு நடுவே கிடந்த மங்கலான காகிதம். அதில் கடைசி இலக்கம் 3-ஆ 8-ஆ என்று குடும்பமே வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தது. பையன் 3 என்றான், மனைவி 8 என்றார். மனைவி சொன்னதே சரியாக இருந்தது.

எண்ணைப் போட்டதும் ஓடிபி அனுப்பியதாகத் திரை சொன்னது. கேஷியரின் போன் வாயைத் திறக்கவில்லை. ஆவணத்தில் பதிவாகியிருந்த செல் நம்பர் அவருடையதல்ல, 2008-ல் மதுரையில் அவருக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுத்த டிரைவிங் ஸ்கூல்காரருடையது. இது அதிசயமே இல்லை. விண்ணப்பத்தைப் பூர்த்தி செய்தவர் ஸ்கூல்காரர். நம்பர் கட்டம் வந்தபோது கைக்கு வந்த நம்பரை எழுதியிருக்கிறார். அவர் சிபாரிசில் வண்டி ஓட்டும் பாதி மதுரைக்கும் ஓடிபி அவர் பாக்கெட்டுக்குத்தான் போகும். நல்ல மனிதர், போனை எடுத்தார். "சார், ஓடிபி வந்துச்சு, சொல்றேன் எழுதிக்குங்க. கிளச்சை ஒழுங்கா விடுறீங்களா இப்ப?" என்று கேட்டார். அவர் விசாரித்து முடிப்பதற்குள் ஓடிபியின் ஆயுசு முடிந்துவிட்டது.

செல் நம்பரை மாற்றுவதற்கு ஆதார். ஆதாரில் தமிழர்களுக்கென்றே ஒரு சிக்கல் காத்திருக்கிறது. அப்பா பெயரின் முதலெழுத்தைத் தலைப்பாகையாக வைத்துக்கொண்டு காலம் தள்ளிய சமூகம் இது. லைசென்ஸில் 'எஸ். முருகேசன்' என்று இருப்பவர் ஆதாரில் 'முருகேசன் சுப்பையா' ஆகிறார், பான் கார்டில் 'சுப்பையா முருகேசன்' என்று அப்பாவை முன்னால் அனுப்பிவைக்கிறார். மூவரும் ஒரே ஆள் என்பது ரேஷன் கடைக்காரருக்குத் தெரியும். கம்ப்யூட்டருக்குப் பெயர் பொருந்தவில்லை என்பது மட்டும்தான் தெரியும்.

இந்த நேரம் பார்த்து மைத்துனர் வந்து சேர்ந்தார். "என்ன மாமா, ஒரு கார்டைப் பத்திரமா வெச்சுக்கத் தெரியாதா?" என்று தன் பர்ஸிலிருந்து லைசென்ஸை உருவிக் காட்டினார். கேஷியர் எதையும் தேதி பார்த்து வாங்குகிறவர். பார்த்தார். மைத்துனர் 2003-ல், 27 வயதில் வாங்கியது. அந்தக் காலத்துக் கணக்குப்படி 20 ஆண்டு அல்லது 50 வயது, இரண்டில் எது முந்துகிறதோ அதுவரை செல்லும். ஆக, 2023-லேயே அது காலாவதி. 2019-ல் திருத்திய மோட்டார் வாகனச் சட்டப்படி, காலாவதியாகி ஓராண்டுக்குள் புதுப்பிக்காவிட்டால் மறுபடியும் ஓட்டிக் காட்ட வேண்டும். லைசென்ஸ் இல்லாமல் ஓட்டினால் அபராதம் 5,000 ரூபாய். தொலைத்தவருக்குப் பேப்பர் வேலை மட்டும்தான். பத்திரமாக வைத்திருந்தவர் பிரேக் இன்ஸ்பெக்டர் முன்னால், பதினெட்டு வயதுப் பிள்ளைகளோடு வரிசையில் நின்று, கால் தரையில் படாமல் எட்டுப் போட வேண்டும். அன்று மைத்துனர் சாப்பிடாமலே கிளம்பிவிட்டார்.

இவ்வளவு பாடு எதற்கு என்று பையன் கேட்டான். நியாயமான கேள்விதான். 2017 செப்டம்பரில், வண்டி ஓட்டுகிறவர்கள் அசல் லைசென்ஸைக் கையில் வைத்திருக்க வேண்டும் என்று தமிழக அரசு கட்டாயமாக்கியது. அதுவரை தமிழ்நாட்டின் வழக்கம் வேறு. லாமினேட் செய்த ஜெராக்ஸ் சட்டைப்பையில், அசல் பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில். உத்தரவு வந்ததும் பீரோக்கள் திறந்தன, பத்திரமாக இருந்த அசல்கள் தெருவுக்கு வந்தன, தொலைய ஆரம்பித்தன. வழக்கு உயர் நீதிமன்றம் வரை போனது. அடுத்த ஆண்டு நவம்பரில் மத்திய அரசு மோட்டார் வாகன விதி 139-ஐத் திருத்தி, போனில் டிஜிலாக்கரிலோ எம்பரிவாகனிலோ காட்டினாலே போதும், அது அசலுக்குச் சமம் என்றது. அசலே வேண்டும் என்பதிலிருந்து அட்டையே வேண்டாம் என்பதற்கு வந்துசேர ஒன்றேகால் வருஷம்கூட ஆகவில்லை.

"அப்போ டிஜிலாக்கர்ல இறக்கிக்கலாமே அப்பா" என்றான் பையன். இறக்கலாம். அதற்கும் லைசென்ஸ் எண் வேண்டும், ஆதாரில் உள்ள பெயரும் ஒத்துப்போக வேண்டும். அதெல்லாம் சரியாகி, போன் திரையில் லைசென்ஸ் வந்து நின்ற பிறகும் கேஷியருக்கு மனம் ஆறவில்லை. சிக்னலில் சார்ஜ் தீர்ந்துபோனால்? நெட் சுற்றிக்கொண்டே இருந்தால்? எண்ணிப் பார்த்துக் கையில் வாங்கினால்தான் பணம் என்று இருபது வருஷம் கவுன்ட்டரில் உட்கார்ந்தவரிடம் திரையில் தெரிவதை நம்பச் சொன்னால் எப்படி? அட்டைதான் வேண்டும் என்றார்.

ஆர்டிஓ அலுவலகத்துக்குப் போகாமலே எல்லாம் முடியும் என்று சட்டம் சொன்னாலும், பெயர்த் திருத்தம் அவரை ஒருமுறை அங்கே கொண்டுபோய் நிறுத்தியது. எந்த ஊர் ஆர்டிஓவானாலும் வாசல் ஒன்றுதான்: ஒரு டீக்கடை, ஒரு ஜெராக்ஸ் கடை, புளியமரத்தடியில் ஸ்டூல் போட்ட ஒருவர். ஸ்டூல்காரர் ஆளைப் பார்த்தே நோயைச் சொல்லிவிடுவார். "தொலைஞ்சதா? முகம் சொல்லுதே. அட்ரஸ் மாத்தணுமா, அப்படியேவா?" கேஷியர் தானே பார்த்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டு ஜெராக்ஸ் கடைக்குப் போனார். ஆதார் இரண்டு பக்கம், காவல்துறை அறிக்கை, கட்டணம் கட்டிய ரசீது, எல்லாவற்றையும் மெஷினில் வைத்தபடியே கடைக்காரர் கேட்டார்: "ஒரிஜினல் கைல இருந்தப்பவே நல்லதா ஒரு ஜெராக்ஸ் எடுத்து வெச்சிருக்கக் கூடாதா சார்?"

பதில் சொல்லும் நிலையில் கேஷியர் இல்லை.

புது அட்டை நேரில் கிடைக்காது. 2024 பிப்ரவரி முதல் தமிழ்நாட்டில் லைசென்ஸும் ஆர்சியும் விரைவுத் தபாலில்தான் வீட்டுக்கு வருகின்றன. முகவரி தவறாகவோ கதவு பூட்டியோ இருந்தால் தபால் ஆர்டிஓவுக்கே திரும்பிவிடும். போய் நின்றாலும் கையில் கொடுக்க மாட்டார்கள். அதனால் கேஷியர் வீட்டில் ஊரடங்கு அமலுக்கு வந்தது. மாமியார் இரத்தினமங்கலம் போகும் திட்டத்தைத் தள்ளிவைத்தார். தெருவில் எந்த மொபெட் சத்தம் கேட்டாலும் யாராவது ஒருவர் வாசலுக்கு ஓடினார். கடைசியில் தபால்காரர் வந்தது கேஷியர் குளித்துக்கொண்டிருந்தபோது. ஈரத் தலையோடு கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டார்.

அந்த வாரக் கடைசியில் பையன் அப்பாவின் போனுக்குப் புது ஃபிளிப் கவர் வாங்கி வந்தான். பழைய கவரைக் கழற்றியபோது, உள்ளறையில் இரண்டு பஸ் டிக்கெட்டுக்குப் பின்னால் பழைய லைசென்ஸ் ஒட்டிக்கொண்டிருந்தது. லைசென்ஸ் போனில் இருந்தால் போதும் என்ற விதி 139-ஐ அவர் இத்தனை நாளும் எழுத்துப் பிசகாமல் கடைப்பிடித்திருக்கிறார். மாமியார் வேண்டுதல் பலித்துவிட்டதென்று வெல்லம் வாங்க ஆள் அனுப்பினார். மனைவி எதுவும் சொல்லவில்லை. அதுதான் கேஷியருக்கு ரொம்பக் கஷ்டமாக இருந்தது.

"இருக்கட்டுமே, ஒண்ணு போனா ஒண்ணு இருக்கும்" என்று மைத்துனர் போனில் யோசனை சொன்னார். கேஷியர் சம்மதிக்கவில்லை. ஒருவர் ஒரே நேரத்தில் ஒரு லைசென்ஸுக்கு மேல் வைத்திருக்கக் கூடாது என்கிறது மோட்டார் வாகனச் சட்டத்தின் 6-ஆவது பிரிவு. தொலைந்தது கிடைத்தால் ஒப்படைத்துவிட வேண்டும். அதிகப்படியாக ஒரு ரூபாய் வந்தாலும் திருப்பிக் கொடுக்கிற ஆள், மறுபடியும் ஆர்டிஓ வாசலில் போய் நின்றார்.

உள்ளே இருந்த கிளார்க் பழைய அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதைத் தொலைச்சிட்டதாத்தானே எழுதிக் கொடுத்திருந்தீங்க?"

"ஆமா சார். கிடைச்சிடுச்சு."

"சரி, கிடைச்சதுக்கு ஒரு லெட்டர் எழுதுங்க." அட்டையைக் கேஷியரிடமே திரும்ப நீட்டினார். "அப்படியே வெளிய போய் இதுக்கு ஒரு ஜெராக்ஸ் எடுத்துட்டு வந்துடுங்க. முன்பக்கம், பின்பக்கம் ரெண்டும்."