மில் சங்கும் வில்லிபுத்தூர்க் கோஷ்டியும்

எங்கள் ராஜபாளையத்தில் மணி சொல்வது மில் சங்கு. 1936-இல் ராஜபாளையம் மில் வந்தது. பின்னாலேயே மற்றப் பஞ்சாலைகள். சங்கு ஊதினால் ஷிப்டு. இதில் பேரமே கிடையாது. ஆனால் பஸ் ஏறி வடக்கே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர் போனால் வருகிற ஸ்ரீவில்லிபுத்தூரில் நேரம் யார் பேச்சையும் கேட்காது. அங்கே ஆயிரத்துச் சொச்ச வருஷமாக ஒரு கோஷ்டி, பாட்டுப் பாடியே காலத்தைக் கலைத்துப் போட்டுக்கொண்டிருக்கிறது. கோஷ்டி என்பது நான் வைத்த பேர் இல்லை. பிரபந்தம் சேவிக்கிறவர்களை வைணவர்கள் அப்படித்தான் சொல்வார்கள்.

ஆரம்பித்து வைத்தவர் பெரியாழ்வார் வீட்டுப் பெண் ஆண்டாள். குருபரம்பரைக் கணக்குப்படி கலி 98, நள வருஷத்து ஆடிப் பூரத்தில் துளசித் தோட்டத்தில் கிடைத்தவர். கண்ணன் பூமியை விட்டுக் கிளம்பியதும்தான் கலியே பிறந்தது என்பார்கள். ஆக, பஸ் போய் 98 வருஷம் கழித்து ஸ்டாண்டுக்கு வந்து நிற்கிறார். நாமாக இருந்தால் டீக்கடையில் அடுத்த வண்டி எப்போது என்று விசாரித்திருப்போம். அவர் முப்பது பாட்டைப் பாடி, போன வண்டியை ரிவர்ஸ் எடுக்க வைத்தார். வில்லிபுத்தூரே ஆயர்பாடி, தோழிகளே இடைச்சிகள், வடபத்ரசாயி கோயிலே நந்தகோபன் வீடு. பட்டர் வீட்டுப் பெண்ணுக்கு நடையும் பேச்சும் இடைச்சியாகிப்போனது மட்டுமில்லை, மேலே முடை நாற்றமும் வீசியதாம். வாடை வரைக்கும் சிரத்தையாக வேஷம் கட்டியவரை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

அப்புறம் ஆராய்ச்சியாளர்கள் வந்தார்கள். அந்த முப்பதில் ஒரு பாட்டில், எழுந்திருக்காத தோழியிடம், சுக்கிரன் கிளம்பியாயிற்று, குரு மறைந்தாயிற்று என்று ஆண்டாள் போகிறபோக்கில் சொல்கிறார். மு. இராகவையங்கார் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு கிரகக் கணக்குப் பார்த்து, கி.பி. 731 என்றார். வேறு சிலர் அதே இரண்டு கிரகங்களையும் வைத்துக்கொண்டு ஒன்பதாம் நூற்றாண்டு என்றார்கள். கலி 98-க்கும் 731-க்கும் நடுவே சுமார் 3,700 வருஷம். ஒரு தூங்குமூஞ்சியை எழுப்பச் சொன்ன சாக்கு, பண்டிதர்களை இன்றுவரை தூங்கவிடவில்லை.

கோஷ்டிக்கு வெளியூரிலும் ஆட்கள் உண்டு. பிரபந்தத்தின் நாலாயிரம் பாட்டும் தொலைந்துபோனபோது காட்டுமன்னார்கோயில் நாதமுனி ஒரே பதிகத்தை 12,000 தடவை சொன்னார். எப்போதோ போய்விட்ட நம்மாழ்வார் இறங்கிவந்து மொத்தத்தையும் ஒப்படைத்தார். அரசாங்க ஆபீஸில் ஒரு நகல் வாங்கவும் கிட்டத்தட்ட அத்தனை தடவை ஆகும் என்பதால் எனக்கு இதை நம்பச் சிரமமில்லை.

எல்லாவற்றையும்விடப் பெரிய தில்லுமுல்லு இனிமேல்தான். நாச்சியார் திருமொழியில் ஆண்டாள், அழகர்மலைப் பெருமாளுக்கு நூறு தடா வெண்ணெயும் நூறு தடா அக்காரவடிசிலும் நேர்ந்துகொள்கிறார். பாட்டில் எழுதிக் கொடுத்ததோடு சரி. அரங்கனைக் கட்டிக்கொண்டு போய்விட்டார். பாக்கி அப்படியே நின்றது. 1017-இல் பிறந்த இராமானுஜர் பழைய கடன்பத்திரத்தைப் படித்துவிட்டு, நேரே திருமாலிருஞ்சோலைக்குப் போய்த் தடா தடாவாக அளந்து தீர்த்தார். அழகர் வட்டி கேட்கவில்லை. இராமானுஜர் அங்கிருந்து வில்லிபுத்தூர் வந்ததும், தங்கை வாக்கைக் காப்பாற்றியவர் அண்ணன்தானே என்று ஆண்டாள் "அண்ணா" என்று கூப்பிட்டபடி எதிரே நடந்துவந்தார். ஐயங்கார் கணக்கையே வைத்துக்கொண்டாலும் தங்கை அண்ணனுக்கு ஏறக்குறைய முந்நூறு வயது மூத்தவர்! அதைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை. "கோயில் அண்ணன்" என்ற பட்டம் மட்டும் இராமானுஜருக்கு நிலைத்துவிட்டது.

எங்கள் ஊருக்கும் இதில் கொஞ்சம் பங்கு கேட்பேன். எங்கள் ராஜூக்கள் வீட்டில் தெலுங்கு பேசுகிறவர்கள். ஆண்டாள் கல்யாணத்தைத் தெலுங்கில் 'ஆமுக்தமால்யதா' என்று பாடியவர் கிருஷ்ணதேவராயர். போருக்குப் போன இடத்தில் பெருமாள் கனவில் வந்து கேட்டாராம். கோஷ்டிக்காரர்களுக்கு ஆள் பிடிக்க நேரங்காலம் கிடையாது.

இன்றைக்கு இந்த வித்தையைக் கையில் வைத்திருப்பவர் அரையர். தலையில் கூம்புக் குல்லாய், கையில் தாளம். அவர் ஒருவரே தாய், அவரே காதல் நோய் பிடித்த மகள், அவரே குறி சொல்லும் கட்டுவிச்சி. எந்த நூற்றாண்டில் நிற்கிறோம் என்று பார்க்கிறவனுக்குப் பிடிபடாது. பகல்பத்து உற்சவத்தின் முதல் நாளில் பிறந்த வீட்டுக்கு ஆண்டாளே வருவார். பெரியாழ்வார் வம்சத்தார் வாசலில் காய்கறிகளைப் பரப்பி வரவேற்பார்கள். அதற்குப் பச்சைப் பரத்தல் என்று பேர். பெண் கல்யாணமாகிப் போய் எத்தனை காலம் என்று ஐயங்காரிடம்தான் கேட்கவேண்டும். அந்த வீட்டில் அவர் போன வாரம் போனவர்.

ஆண்டாளும் ஒரு சங்கிடம் பேசியிருக்கிறார். மணி என்ன என்று கேட்கவில்லை. கண்ணன் வாய் எப்படி ருசிக்கும் என்று கேட்டார். எங்கள் மில் சங்கிடம் இதுவரை யாரும் அப்படி எதையும் கேட்டதில்லை.