அரசு வக்கீலின் நாக்கு

கேள்வி: அரசுக்காக வாதாடும் வக்கீல் அரசையே எதிர்த்துப் பேசலாமா? (வாசகர், திருமங்கலம்)

பதில்: கோர்ட்டில் கூடாது. உள்ளறையில் 'இந்த வழக்கு நிற்காது' என்று சொல்லியே ஆக வேண்டும்! மாநில அரசின் தலைமை வக்கீலான அட்வகேட் ஜெனரலின் முதல் வேலையே அரசுக்குச் சட்ட ஆலோசனை சொல்வதுதான் என்கிறது அரசியல் சட்டத்தின் 165ஆவது பிரிவு. சட்டமன்றத்திலும் அவர் பேசலாம், ஓட்டுதான் கிடையாது.

பதவி முடிந்த பிறகு? நம் மதுரையில் பிறந்த எஸ். சுப்பிரமணிய ஐயரைப் பாருங்கள். 1888இல் சென்னையில் அரசு வக்கீல். 1895இல் உயர் நீதிமன்ற நீதிபதி. ஓய்வுக்குப் பின், எழுபதைத் தாண்டிய வயதில், 1917இல் இந்தியாவுக்குச் சுயாட்சி கேட்டு அமெரிக்க அதிபர் வில்சனுக்கே கடிதம் எழுதினார். ஆங்கில அரசு சீறியது. 'இந்தாருங்கள்' என்று 'சர்' பட்டத்தைத் துறந்துவிட்டார், மனுஷன்!