தேள் வரவழைப்பியல்: ஓர் ஆய்வு முன்னுரை

வீட்டுக்குள் ஒளிந்திருக்கும் தேளைக் கண்டுபிடித்து வெளியே வரவழைப்பது எப்படி என்ற கேள்விக்குத் தமிழ்க் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக விடை தேடி வந்துள்ளன. அவ்விடைகளை முறைப்படி தொகுத்தவர் இலர். அக்குறையைப் போக்க எழுந்ததே இக்கட்டுரை.

ஆய்வுக் களம்: ஓட்டு வீடு, கொல்லைப்புறக் குளியலறை, விறகுக் குவியல், வீடு கட்டி மிஞ்சி "எதுக்காவது ஆகும்" என்று அடுக்கிவைத்த செங்கல். ஆய்வுப் பொருள் இரு வகை. கருந்தேள் பெரியது; பார்த்த மாத்திரத்தில் தெருவே கூடிவிடும்; கொட்டினால் வலிக்கும், பெரும்பாலும் அதோடு சரி. செந்தேள் சிறியது, யாரும் மதிப்பதில்லை. உயிருக்கு ஆபத்தோ செந்தேளால்தான். உருவத்துக்கும் அதிகாரத்துக்கும் இடையிலான இம்முரண் அலுவலகங்களிலும் காணப்படுவதே, எனினும் அது இவ்வாய்வின் வரம்புக்குள் வராது.

வரவழைப்பியலில் மூன்று மரபுகள் உள்ளன. முதலாவது தடியடி மரபு. குடும்பத் தலைவரான பெரியப்பா பீரோவை நகர்த்துவார், விளக்குமாற்றுக் கட்டையால் சுவரைத் தட்டுவார், மற்றவர்கள் கட்டிலில் ஏறி நின்று ஆலோசனை வழங்குவார்கள். இதன் பலவீனம் கோட்பாட்டிலேயே இருக்கிறது. தேளின் கால்களில் அதிர்வை உணரும் நுண்ணுறுப்புகள் உண்டு. அமெரிக்காவின் மொஹாவி பாலைவனத் தேள் ஒன்று, அரை மீட்டர் தொலைவில் மணலுக்கடியில் நகரும் பூச்சியைக்கூட அதிர்வைக் கொண்டே கண்டுகொள்வதை 1977இல் பிலிப் பிரவுனெல் என்னும் ஆய்வாளர் எழுதினார். நம்மூர்த் தேளுக்கும் அத்தகைய உறுப்புகள் உள்ளன. அதற்குப் பெரியப்பா வருவது தெரியாதா?

இரண்டாவது சாக்கு மரபு. இரவில் கோணிச் சாக்கை நனைத்துப் பிழிந்து, சுவரோரம் மடித்துப் போட்டுவிட்டுத் தூங்கிவிட வேண்டும். உழைப்பே இல்லாத இம்முறையை அறிஞர்கள் ஏளனமாகப் பார்ப்பது வழக்கம். என் மதிப்பில் மூன்றிலும் உயர்ந்தது இதுவே. தேள் தேடுவது ஈரம், இருட்டு, முதுகும் வயிறும் ஒருசேர உரசும்படியான இடுக்கு. மூன்றையும் சாக்கு ஒன்றே தருகிறது. விடிந்ததும் சாக்கின் நம் பக்கத்து விளிம்பை நீண்ட குச்சியால் நெம்பித் தூக்க வேண்டும். தரையில் ஒன்றும் இல்லையே என்று நிம்மதி கொள்பவர் அரைகுறை ஆய்வாளர். தேள் சாக்கின் அடிப்புறத்திலேயே, வாலைப் பக்கவாட்டில் மடித்து, நூலோடு நூலாக ஒட்டிக்கொண்டிருக்கும். சாக்கைக் கையில் எடுத்து உதறியவர்கள் இத்துறைக்குச் செய்த தியாகம் பெரிது.

தீனி வைத்து இழுக்கலாமே என்பார் உளர். சர்க்கரை, கருவாடு, மீந்த சோறு எதுவும் பயன்படாது. தேளுக்கு வேண்டியது உயிரோடு ஓடும் கரப்பான், பாச்சை. அவற்றை நாம் ஏற்கெனவே அடுப்படியில் போஷித்து வருகிறோம். இங்கேதான் இவ்வாய்வின் மையக் கருதுகோள் பிறக்கிறது. குளியலறை வாசலில் என்றும் காயாத கால்மிதி, பரணில் பழைய பேப்பர்க் கட்டு, சுவரில் சாய்த்த ஓடு: இலக்கணப்படி இவை அனைத்தும் ஈரச் சாக்குகளே. வருடம் முழுக்கப் பொறி வைத்திருக்கிறோம், காலையில் தூக்கிப் பார்ப்பதுதான் இல்லை. தேளை வரவழைக்கும் கலையில் நாம் எப்போதோ தேர்ந்துவிட்டோம்.

மூன்றாவது விளக்கு மரபு இளைய தலைமுறையுடையது. தேளின் மேலோட்டில் உள்ள சில வேதிப்பொருள்கள் புற ஊதா ஒளி பட்டால் பச்சை கலந்த நீலமாக ஒளிரும். கடைகளில் ரூபாய் நோட்டைச் சோதிக்கும் ஊதா விளக்கின் இனத்தைச் சேர்ந்த டார்ச் போதும். இருட்டில் சுவரோரம் பிடித்தால், கல்யாண வீட்டு சீரியல் பல்பு ஒன்று கழன்று விழுந்தது போல மின்னிக்கொண்டு நிற்கும். இம்மரபு தடியடி மரபோடு மோதிய தருணம் பதிவுக்குரியது:

"லைட்டைப் போடுடா, இருட்டுல தேள் எப்பிடித் தெரியும்?"

"அணைச்சாத்தான் பெரியப்பா தெரியும்."

விவாதம் அன்றிரவு முடியவில்லை. ஓர் எச்சரிக்கை: புதிதாகத் தோலுரித்த தேள் ஒளிராது, ஓடு இறுகிய பிறகே மினுங்கும். நிலா வெளிச்சத்தில் பல இனங்கள் வெளியே வருவதையும் குறைத்துக்கொள்ளும். ஆகவே டார்ச்சில் படவில்லை என்பதால் தேளே இல்லை என்று முடிவு கட்ட இயலாது.

மந்திரிப்பு பற்றி ஒரு சொல். வேப்பிலை அடித்து இறங்கிய விஷத்தில் பெரும்பங்கு கருந்தேளுடையதாக இருக்க வேண்டும். அது தானே இறங்கும். செந்தேள் விஷயத்தில் வேடிக்கைக்கு இடமில்லை. வியர்த்துக் கொட்டி, கை கால் சில்லிட்டு, வாந்தி வந்தால், அதுவும் குழந்தையானால், ஒரு நிமிடமும் வீணாக்காமல் மருத்துவமனைக்குப் போக வேண்டும். மகாராஷ்டிரத்தின் மகாட் ஊரில் பணியாற்றிய மருத்துவர் ஹிம்மத்ராவ் பாவஸ்கர், ரத்த அழுத்தத்துக்கான பிரசோசின் மாத்திரையால் இவ்விஷத்தை எதிர்கொள்ள முடியும் என்று காட்டினார். 2022இல் அவருக்குப் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது.

டார்ச் வாங்கப் போகும் வாசகர்கள் கூடவே ஓர் இடுக்கியும் வாங்கிக்கொள்ளவும். கைப்பிடி நீளமானதாக இருக்கட்டும்.