அரிக்கேன் வெளிச்சத்தில் பஸ் போர்டு

1990-ல் சித்தூர் மாவட்டத்தில் ‘அட்சர தபஸ்மான்’ என்ற பெயரில் எழுத்தறிவு இயக்கம் கிளம்பியபோது, சம்பளம் கிடையாது என்று சொன்ன பிறகும் கல்லூரிப் பையன்கள் நாங்கள் முண்டியடித்துப் பெயர் கொடுத்தோம். அந்த பிப்ரவரியில்தான் எர்ணாகுளம் முழு எழுத்தறிவு பெற்ற மாவட்டமாக அறிவிக்கப்பட்டிருந்தது. அங்கே முடிந்தது இங்கே முடியாதா என்ற வேகம் எங்களுக்கு.

புத்தூர்ப் பக்கம் ஒரு வீட்டுத் திண்ணைதான் என் பள்ளிக்கூடம். கடலைக்காட்டு வேலை முடிந்து, சோறாக்கி, பிள்ளைகளைத் தூங்கவைத்துவிட்டு அக்காமார் வந்து சேர இரவு எட்டாகிவிடும். அரிக்கேன் விளக்கைச் சுற்றி சிலேட்டுகள். வாயில் தமிழ், பலப்பத்தில் தெலுங்கு. எல்லையோரத்தில் பிறந்தவர்களுக்கு இது புதிதல்ல. “பஸ் போர்டு படிக்கணும் தம்பி, அது போதும்” என்பார்கள். திருப்பதி பஸ் எது, சித்தூர் பஸ் எது என்று யாரையும் கேட்காமல் ஏறிவிடவேண்டும், அவ்வளவுதான் ஆசை.

அன்றைய வாசகப் புத்தகம் அகர வரிசையில் தொடங்காது. படத்தோடு ஒரு சொல்லைக் காட்டி, அதைப் பற்றிப் பேசவைத்து, அப்புறம்தான் எழுத்தைப் பிரித்துக் காட்டும். கூலி என்ற சொல் வந்தால் அன்றைக்கு எழுத்து நடக்காது, பேச்சுதான் நடக்கும். ஆனால் அந்தப் பேச்சு சும்மா போகவில்லை; பக்கத்து நெல்லூர் மாவட்டத்தில், எழுத்தறிவுப் பாடத்தில் சாராயக் கதையைப் படித்துப் பேசிய தூபகுண்டா கிராமத்துப் பெண்கள்தானே தொண்ணூறுகளின் தொடக்கத்தில் சாராயக் கடையை மூடவைத்தார்கள்!

பிறகு காலம் ஓடியது. 2000-ல் மென்பொருள் துறை முன்னோடி எஃப்.சி. கோலியின் முயற்சியில் டிசிஎஸ் நிறுவனம் மேடக் மாவட்டத்தில் கணினிவழி எழுத்தறிவைத் தொடங்கியது. ஏறக்குறைய 40 மணி நேரத்தில் செய்தித்தாள் படிக்கவைக்கலாம் என்றார்கள், அங்கும் சொல்தான் முதலில். 2022 டிசம்பரில் ஆந்திர அரசுப் பள்ளி எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் கைக்கு டேப் வந்தது. மறு வருஷம், முதியோர் கல்விக்கான ‘உல்லாஸ்’ திட்டத்துக்குச் செயலியும் வந்துவிட்டது.

இன்று திருப்பதி பஸ் நிலையத்தில் உட்கார்ந்து பாருங்கள், உங்கள் பாட்டி சாயலில் ஒருவர் போனை வாயருகே பிடித்துக் கேட்கிறார், அது பதில் சொல்கிறது. நாங்கள் மாதக்கணக்கில் சொல்லிக்கொடுத்ததை ஒரு பொத்தான் முடித்துவிடுகிறது. எனக்கு அதில் சந்தோஷமே. ஆனால் போன், கேட்டதற்கு மட்டும்தான் பதில் சொல்லும். கடன் பத்திரத்தில் கைநாட்டுக்கு மேலே என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கத் தோன்றாதவருக்கு எழுத்துதான் துணை. அந்த எழுத்தை, பலப்பம் பிடித்த கையை இன்னொரு கை பிடித்து இழுத்த சுகத்தோடு கற்றவர்கள் மறக்கவில்லை.

உல்லாஸிலும் சொல்லிக்கொடுப்பவர்கள் சம்பளமில்லாத தொண்டர்கள்தான். உங்கள் வீட்டிலோ தெருவிலோ எழுத்தறியாத பெரியவர் இருந்தால், செயலியைப் போனில் ஏற்றிக் கொடுத்ததோடு எழுந்து போய்விடாதீர்கள். தினமும் அரைமணி நேரம் பக்கத்தில் உட்காருங்கள்.