நாலு மூலை ரொட்டி

எந்த அடுக்ககத்திலும் மூன்றாம் மாடியில் இவர் ஒருவர் இருப்பார். வங்கியில் 35 வருடம் இருந்து, அதில் பாதிக்கு மேல் தணிக்கை பார்த்தே ஓய்வு பெற்றவர். பத்துப் பைசா வித்தியாசத்துக்காக ஒரு கிளை முழுவதையும் ராத்திரி பத்து மணி வரை உட்காரவைத்தவர். மகளைப் பார்க்க 90 நாள் விசாவில் பிரான்சுக்குப் போனார். போகும்போது பையில் இட்லிமிளகாய்ப்பொடி இருந்தது. வரும்போது மூடி போட்ட ஒரு தகர டப்பா இருந்தது. அன்று முதல் அவர் பெயர் ‘ரொட்டி சார்’.

“இதுல என்ன செய்யப் போறீங்க?” என்றார் அவர் மனைவி.

“பேன்.”

அம்மையாரின் கை தானாகத் தலைக்குப் போயிற்று.

“அந்தப் பேன் இல்லம்மா. பிரெஞ்சுல ரொட்டிக்குப் பேன்னு பேரு. அந்த ‘ன்’ நாக்குக்கு வரக்கூடாது, மூக்கிலேயே நிக்கணும். இது பேன் த மீ. ‘மீ’ன்னா ரொட்டிக்குள்ள மெத்துன்னு இருக்கிற பாகம்.”

“மூக்குல எது வேணா நிக்கட்டும். அடுப்புல என் குக்கர் நிக்குது, தள்ளுங்க.”

பேன் த மீ என்பது சாண்ட்விச்சுக்கான ரொட்டி. பிரெஞ்சுக்காரர்கள் மொறுமொறு மேலோட்டுக்காகவே ரொட்டி தின்கிறவர்கள். அவர்களுடைய நீள பாகெத், 2022-இல் யுனெஸ்கோ பட்டியலிலேயே ஏறிவிட்டது. இந்த ரொட்டி அதற்கு நேர் எதிர். மேலோடு பேருக்குத்தான், உள்ளே முழுக்கப் பஞ்சு. மாவு மேலே பொங்கிக் குவியாதபடி மூடி தடுத்துவிடுவதால் நாலு பக்கமும் செங்கல் மாதிரி சதுரமாக வரும். அந்த அச்சுக்குப் புல்மன் என்று பெயர். அமெரிக்காவில் புல்மன் கம்பெனியின் ரயில் பெட்டிகளில் சமையலறை குறுகல். சதுர ரொட்டி என்றால் இடுக்கில்லாமல் அடுக்கலாம் என்று காரணம் சொல்வார்கள். ஒவ்வொரு முறை மூடியை இழுத்துச் சாத்தும்போதும் இந்த ரயில் கதையை அவர் சொல்வார். கேட்க யாரும் இல்லாவிட்டால் குக்கரிடம் சொல்வார்.

முதல் சிக்கல் கணக்கில் வந்தது. ரொட்டிக்காரர்களின் கணக்கில் மைதா எவ்வளவு எடுத்தாலும் அது 100. மற்றதெல்லாம் அதில் எத்தனை சதவீதம் என்று சொல்வார்கள். பாலும் தண்ணீரும் 62, வெண்ணெய் 8, சர்க்கரை 5, உப்பு 2, ஈஸ்ட் 1. கூட்டிப் பார்த்தார், 178. மொத்தம் 178 சதவீதம் வருகிற ஒரு பேரேட்டை எந்தக் கிளை மேனேஜராவது நீட்டியிருந்தால் அன்றைக்கே சஸ்பெண்ட் ஆகியிருப்பார். சார் இரண்டு நாள் தூங்கவில்லை. மூன்றாம் நாள் விடிகாலையில் புரிந்தது. மாவு கூடினாலும் குறைந்தாலும் இந்த விகிதம் அசையாது. இப்படி ஒரு நேர்மையை வங்கியில் அவர் கண்டதில்லை. மைதா மேல் காதல் வந்தது அப்போதுதான்.

அச்சில் தண்ணீர் ஊற்றி அளந்தார். சரியாக ஒரு லிட்டர். அதற்கு 160 கிராம் மைதா என்று தீர்மானமாயிற்று. அப்படியானால் ஈஸ்ட் 1.6 கிராம். வீட்டுத் தராசு தசமத்தைக் காட்டாது. நகைக்கடைக்காரர்கள் வைத்திருக்கிற மாதிரி ஒரு குட்டித் தராசு வந்தது.

“இந்தத் தராசுல நிறுக்கத் தங்கம் வாங்கித் தரலை. சோடா உப்பு மாதிரி ஏதோ ஒண்ணை நிறுக்கறார்” என்று அம்மையார் எதிர் வீட்டில் சொன்னார்.

அடுத்த சிக்கல் மே மாதம். மாவு 26 டிகிரியில் நிதானமாகப் புளிக்க வேண்டும், அவசரமாகப் பொங்கினால் ருசி கூடாது. சென்னைச் சமையலறையோ 34. பாலைக் குளிரவைத்துப் பிசைந்தார், போதவில்லை. மத்தியானம் இரண்டு மணிக்குப் படுக்கையறையில் ஏ.சி. ஓடியது. கட்டில் நடுவே, ஈரத்துணி போர்த்திய கிண்ணம் ஓய்வெடுத்துக்கொண்டிருந்தது.

“முப்பது வருஷமா நான் புழுங்கறேன். கரண்ட் பில்லு, கரண்ட் பில்லுன்னு ஒரு நாள் பகல்ல ஏ.சி. போட்டதில்லை. நேத்து வந்த மாவுக்கு 26!”

“நீயும் பக்கத்துல படுத்துக்கயேன். கிண்ணத்தை மட்டும் இடிச்சிராதே.”

“என் இட்லி மாவு ராத்திரி தானாப் பொங்கி, காலையில மூடியைத் தள்ளிக்கிட்டு நிக்கும். அதுக்கு யாரும் தெர்மாமீட்டர் வைக்கலை.”

தெர்மாமீட்டர் ரொட்டிக்கும் உண்டு. வெந்த ரொட்டியின் நடுவயிற்றில் ஊசியைக் குத்தி, 95 டிகிரி காட்டினால்தான் சார் முகம் தெளியும். அதற்குப் பிறகும் வெட்ட விடமாட்டார். உள்ளே ஆவி அடங்கி மாவுச்சத்து இறுக ஒரு மணி நேரமாவது ஆகும், சூட்டோடு வெட்டினால் கத்தியில் பசை மாதிரி ஒட்டும். அந்த ஒரு மணி நேரமும் ரொட்டிக்கு முன்னால் நாற்காலி போட்டு, லாக்கர் அறை வாசலில் துப்பாக்கியோடு உட்கார்ந்திருக்கும் காவலாளி போல உட்கார்ந்திருப்பார்.

ஆரம்பத்தில் எல்லாம் கோணல். முதல் ரொட்டி மூடியைப் பிதுக்கிக்கொண்டு வெளியே எட்டிப் பார்த்தது. இரண்டாவது பாதி உயரத்திலேயே உட்கார்ந்துவிட்டது. மூன்றாவது ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. ஆனால் அதுதான் அவருடைய பொற்காலம். தட்டில் நாலு துண்டோடு மாடி மாடியாக ஏறுவார். “வீட்டுலயே செஞ்சதா சார்! இந்த வயசுல எவ்வளவு பொறுமை!” என்று ஒவ்வொரு வாசலிலும் வியந்தார்கள். செக்யூரிட்டி, சாய்ந்த ரொட்டியை டீயில் நனைத்துத் தின்று சல்யூட் வைத்தார்.

பதினோராவது ரொட்டியில் கை திருந்தியது. மூடியை இழுத்தால் நாலு மூலையும் மூலைமட்டம் வைத்துப் பார்த்த மாதிரி இருந்தன. நிறம் ஒரே சீர், வெட்டினால் பஞ்சு. சார் வேட்டியை மாற்றிக்கொண்டு தட்டோடு கிளம்பினார்.

“பிரெட்டா சார்? எங்க வீட்டுலயும் ஒரு பாக்கெட் இருக்கே” என்றது இரண்டாம் மாடி.

“எந்தக் கடை சார்? ஃப்ரெஷ்ஷா இருக்கே” என்றது நாலாம் மாடி.

செக்யூரிட்டி நேராகவே கேட்டார். “ஏன் சார், உடம்பு சரியில்லையா? இப்பல்லாம் செய்யறதில்லையா?”

மனம் பொறுக்காமல் மகளுக்கு வீடியோ கால் போட்டுக் காட்டினார். மகள் பாராட்டிவிட்டு, “இங்க பேன் த மீயை யாருப்பா வீட்டுல சுடறாங்க? சூப்பர் மார்க்கெட்டுல ஸ்லைஸ் போட்டு பாக்கெட்டுல விக்கறதுதான்” என்றாள்.

அன்று இரவு, ரொட்டிக் கணக்கு எழுதிவந்த பேரேட்டைத் திறந்து வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். கணக்கு சரியாக இருந்தால் தணிக்கைக்காரர் வந்துபோனது யாருக்கும் தெரியாது. ரொட்டியும் அப்படித்தான் போலும்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மறுபடி மாவு பிசைந்தார். குட்டித் தராசு 150-இல் நின்றது. பக்கத்தில் நின்ற அம்மையார் பேரேட்டைப் பார்த்தார்.

“160-ன்னு எழுதியிருக்கு. பத்து கிராம் குறையுதே?”

“குறையட்டும்” என்றார் சார்.

மூடியைத் திறந்தபோது மேல் மூலைகள் மூடியை எட்டாமல் லேசாக உருண்டிருந்தன. நாலாம் மாடியில் தட்டை நீட்டினார்.

“மூலை சரியா வரலையே சார்... வீட்டுல செஞ்சதா?”

“ஆமா” என்றார் சார், மூக்கெல்லாம் மலர.